ஆற்ற பிள்ளை?

யாழ்ப்பாணத்து ஆக்கள் இரண்டு பேர் உலகத்தின் எந்த மூலையில் சந்தித்தாலும் கதை ஒரே இடத்தில்தான் தொடங்கும். எந்த ஊர்? ஊருக்குள் எவ்விடம்? கோயிலடியோ, சந்தியடியோ? ஆற்ற பிள்ளை? நாலாவது கேள்விக்குள் எப்படியும் ஒரு சொந்தம் அகப்பட்டுவிடும். சொந்தம் அகப்படாவிட்டால் சொந்தக்காரரோடு ஒன்றாகப் படித்த ஒருவராவது அகப்படுவார். என் அம்மா இதில் கைதேர்ந்தவர். 1980களின் கடைசியில், சுவிற்சர்லாந்தின் புர்க்டோர்ஃப் என்ற சின்னப் பட்டினத்து ரயில் நிலையத்தில் முன்பின் தெரியாத தமிழ்ப் பெடியன் ஒருவன் குளிரில் நடுங்கிக்கொண்டு நின்றால், ஐந்தாறு கேள்விகளில் அவனைத் தன் சித்தப்பாவின் மருமகனுக்கு ஒன்றுவிட்ட தம்பியாக்கிவிடுவார். “பிறகென்ன தம்பி, வீட்ட வாங்கோ, சாப்பிட்டிட்டுப் போகலாம்” என்று அது முடியும்.

அம்மாவின் கேள்வி ஒன்றுக்குக்கூடப் பதில் இல்லாமல் எங்கள் வீட்டுக்குள் வந்தவள் ஒருத்திதான். அவள் என் வகுப்புத் தோழி.

புர்க்டோர்ஃப், பேர்ண் மாநிலத்தில் எமெந்தால் பள்ளத்தாக்கின் வாசலில் இருக்கிறது. பெரிய ஓட்டைகள் விழுந்த சீஸுக்குப் பெயர்போன அதே எமெந்தால்தான். குன்றின் மேல் ஒரு கோட்டை. 1800 வாக்கில் பெஸ்தலோட்ஸி அதற்குள் பள்ளிக்கூடம் நடத்தினார் என்று எங்களுக்குப் படிப்பித்தார்கள். கீழே எம்மெ ஆறு. அங்கே ஓர் உணவகத்தில் அப்பா கோப்பை கழுவினார். 1983 ஜூலைக்கு முன் அவர் கொழும்பில் அரச கந்தோர் ஒன்றில் கிளாக்கர். தமிழருக்கு எதிரான அந்த மாதக் கலவரத்தில் அவர் வாடகைக்கு இருந்த அறை எரிந்தது. அகதி முகாம், அங்கிருந்து கப்பலில் காங்கேசன்துறை, பிறகு அந்தக் காலத்தில் பலர் பிடித்த பாதை: கிழக்கு பெர்லினுக்கு விமானம், அங்கிருந்து மேற்கு பெர்லின், அங்கிருந்து சுவிஸ். அம்மாவும் நானும் பிறகு போய்ச் சேர்ந்தோம்.

பள்ளிக்கூடத்தில் முதல் நாள் என்னைக் கண்டதும் ஆசிரியையின் முகத்தில் ஒரு நிம்மதி தெரிந்தது. வகுப்பில் ஏற்கெனவே ஒரு கறுத்தப் பிள்ளை இருந்தாள். என்னைக் கொண்டுபோய் அவளுக்குப் பக்கத்தில் இருத்தினார். இனி ஒருத்தி மற்றவளுக்கு எல்லாவற்றையும் விளங்கப்படுத்துவாள் என்று அவர் நினைத்திருக்க வேண்டும். நானும் அப்படித்தான் நினைத்தேன். “உங்கட பேர் என்ன?” என்று கேட்டேன். அவள் என்னைப் பார்த்தாள், ஆசிரியையைப் பார்த்தாள், பிறகு சத்தமாக ஏதோ சொன்னாள். வகுப்பு முழுக்கச் சிரித்தது. அவள் சொன்னது சில மாதங்கள் கழித்துத்தான் எனக்கு விளங்கியது: “எனக்கும் இவள் கதைக்கிறது விளங்கேல்லை, டீச்சர்.” அச்சுப் பிசகாத பேர்ண் ஜேர்மனில் சொல்லியிருக்கிறாள். அவளுக்கு வேறு மொழி தெரியாது.

இலங்கையில் பிறந்து, கைக்குழந்தையாகச் சுவிசுக்கு வந்து, இரண்டு வருடம் வளர்ப்புப் பிள்ளையாக இருந்தபின் சட்டப்படி தத்தெடுக்கப்பட்டவள் அவள். அந்தக் காலத்துச் சுவிஸ் நடைமுறை அது. அவளுடைய அண்ணன்மார் இருவருக்கும் வைக்கோல் நிறத் தலைமுடி. என்னைத் தன்னோடு இழுத்துக்கொண்டு போய், வகுப்பு வாசலில் சப்பாத்தைக் கழற்றி, உள்ளே போடும் துணிச் செருப்பை எங்கே வைப்பது, கோட்டை எந்தக் கொழுக்கியில் மாட்டுவது என்றெல்லாம் காட்டித் தந்தவள் அவள்தான். ஆசிரியை எதிர்பார்த்தது கடைசியில் வேறு விதமாக நடந்தது. நான் கதைக்கும் பேர்ண் ஜேர்மன் முழுக்க அவளிடம் படித்தது.

அவளுடைய தலைமுடி பெடியன்களுடையதைப் போலக் கட்டையாக வெட்டப்பட்டிருக்கும். அது அவளுக்குப் பிடிக்கவில்லை. ஆனால் அவளுடைய அம்மாவுக்கு அந்த அடர்த்தியான சுருள்முடியை என்ன செய்வதென்று தெரியவில்லை. வளர விட்டால் சிக்குப்பட்டு, சீப்புக்கு அடங்காமல், காலையில் ஒரே அழுகை. ஒரு மழைக்கால சனிக்கிழமை அந்த அம்மா எங்கள் வீட்டுக்கு வந்து, மகளின் தலையையும் என் பின்னலையும் மாறி மாறிக் காட்டி, கையை விரித்தார். மொழி தேவைப்படவில்லை. “இஞ்ச வா பிள்ளை” என்று அம்மா அவளைத் தன் முழங்கால்களுக்கிடையில் இருத்தினார்.

குளிருக்குப் போத்தலுக்குள் தேங்காயெண்ணெய் மெழுகு மாதிரி உறைந்துபோய் இருக்கும். அம்மா அதை அறைச் சூடாக்கியின் மேல் வைத்து உருக்கினார். உருகியதை உள்ளங்கையில் விட்டு, உச்சியில் வைத்துத் தேய்த்து, நுனி வரைக்கும் இழுத்தார். பிறகு அகலப் பல் சீப்பை எடுத்து, வேரில் தொடங்காமல் நுனியில் தொடங்கினார். நுனிச் சிக்கை எடுத்தபின் கொஞ்சம் மேலே, அது முடிய இன்னும் கொஞ்சம் மேலே. சிக்கு இருக்கும் இடத்தில் முடியை மற்றக் கையால் இறுக்கிப் பிடித்துக்கொண்டதால் இழுவை தலைக்குப் போகவில்லை. அவள் அழவில்லை. அவளுடைய அம்மா கைப்பையிலிருந்து குறிப்புப் புத்தகம் ஒன்றை எடுத்து, பார்த்ததையெல்லாம் எழுதிக்கொண்டார். எண்ணெயின் பெயரை என்னிடம் கேட்டு, போத்தலை மணந்து பார்த்து, எந்தக் கடை என்றும் எழுதிக்கொண்டார். அதற்குப் பிறகு அவளுடைய முடியை ஒருவரும் வெட்டவில்லை. அடுத்த கோடை விடுமுறைக்குள் இரட்டைப் பின்னல் போடும் அளவுக்கு வளர்ந்துவிட்டது.

ஜூன் மாதக் கடைசித் திங்கட்கிழமை புர்க்டோர்ஃபில் பிள்ளைகளின் திருநாள். ‘சொலெட்டே’ என்பார்கள். 1729இல் தொடங்கிய வழக்கம். பட்டினத்துப் பெண்பிள்ளைகள் எல்லாரும் வெள்ளைச் சட்டையும் பூவுமாக ஊர்வலம் போவார்கள். என்னிடம் வெள்ளைச் சட்டை இல்லை என்று அவளுடைய அம்மா ஒரே துணியில் இரண்டு தைத்துவிட்டார். இரட்டைப் பின்னலும் வெள்ளைச் சட்டையுமாக இரண்டு கறுத்தப் பிள்ளைகள் ஒரே வரிசையில் நடக்க, தெருவோரத்தில் நின்றவர்கள் எங்களைத்தான் படம் எடுத்தார்கள். ஊர்வலம் முடிந்தபின் ஒரு கிழவி வந்து எங்கள் கன்னங்களைத் தடவினார். அவளைப் பார்த்து, “நல்ல வீடு கிடைச்சிருக்கு உனக்கு. அதுக்கு நன்றியோட இருக்கோணும்” என்றார். என்னைப் பார்த்து, “நீங்கள் எப்ப திரும்பிப் போறீங்கள்?” என்று கேட்டார். இரண்டும் அன்பாகச் சொன்னவைதான். அவள் நன்றி சொல்ல வேண்டியவள், நான் போக வேண்டியவள். அண்ணன்மாருக்கு நல்ல வீடு கிடைத்ததைப் பற்றி ஒருவரும் அவர்களிடம் சொன்னதில்லை என்று அவள் பிற்காலத்தில் ஒருமுறை சொன்னாள்.

அவளிடம் சிவப்பு பாஸ்போட் இருந்தது. என்னிடம், தற்காலிகமாகத் தங்க விடுபவர்களுக்குக் கொடுக்கும், வருடா வருடம் புதுப்பிக்கும் எஃப் காட். வகுப்போடு ஜேர்மனிக்குச் சுற்றுலா போனபோது அவள் போனாள். நான் எல்லை தாண்ட முடியாமல் வேறு வகுப்பில் போய் இருந்தேன். ஆனால் பதினாறு வயதில் பேர்ண் ரயில் நிலையத்தில் அவள் தனியே நின்றபோது, காவலர் இருவர் வந்து, சின்னப்பிள்ளையோடு கதைப்பதுபோல் ஒவ்வொரு சொல்லாக நிறுத்தி, அகதி அட்டையைக் கேட்டார்கள். அவள் எமெந்தால் கிராமத்தவள் கணக்காகத் திட்டிவிட்டாள். அவர்கள் திகைத்துப்போய் மன்னிப்புக் கேட்டார்கள். கதையைக் கேட்டு நாங்கள் விழுந்து விழுந்து சிரித்தோம். ஆனால் அதன்பின் அவள் அந்த நிலையத்தில் எப்போதும் ஒரு ஜேர்மன் பத்திரிகையைக் கையில் பிடித்துக்கொண்டுதான் நின்றாள்.

அவள் வீட்டில் ஒரு படப் புத்தகம் இருந்தது. முதல் பக்கத்தில் கொழும்பில் எடுத்த இரண்டு படங்கள். ஒன்றில் சுவிஸ் அம்மாவும் அப்பாவும் ஒரு ஹோட்டல் தோட்டத்தில், மடியில் துணிப்பொட்டலம் போல் குழந்தை. மற்றதில் நீதிமன்றக் கட்டடத்துக்கு வெளியே சேலை கட்டிய ஓர் இளம்பெண், குழந்தையைக் கையில் வைத்துக்கொண்டு, முகத்தைப் பாதி திருப்பியபடி. “என்ர அம்மா” என்பாள். அண்ணனின் பூதக்கண்ணாடியை எடுத்து அந்தப் பாதி முகத்தில் அவளுடைய மூக்கையும் நாடியையும் தேடுவோம். சில நாள் இருந்தது, சில நாள் இருக்கவில்லை.

அந்தப் படத்தோடு ஒரு பத்திரமும் இருந்தது. ஒருநாள் அவளுடைய அம்மா அதை பிளாஸ்ரிக் உறைக்குள் வைத்து எங்கள் வீட்டுக்குக் கொண்டுவந்தார். சிங்களத்தில் எழுதிய பிறப்புச் சான்றிதழ். ஆங்கில மொழிபெயர்ப்பு இருந்தது. ஆனாலும் மூலத்தை வாசிக்கத் தெரிந்த ஒருவர் வாயால் கேட்க வேண்டுமென்று அவருக்கு ஆசை. கொழும்பில் வேலை பார்த்த அப்பாவுக்குச் சிங்களம் நன்றாகத் தெரியும். கையைக் கழுவித் துடைத்து, கண்ணாடியைப் போட்டுக்கொண்டு வாசித்தார். தெற்கில் ஓர் ஆஸ்பத்திரி. தாயின் பெயர். தகப்பனின் பெயர் இருக்க வேண்டிய இடத்தில் ஒரு கோடு. இலங்கையில் பிறப்புச் சான்றிதழில் பெற்றோரின் இனத்தையும் எழுதுவார்கள். அந்த வரிக்கு வந்ததும் அப்பா நிறுத்தினார்.

“என்னவாம்?” என்று அம்மா அடுப்படியிலிருந்து கேட்டார்.

“சிங்களப் பிள்ளையாம்.”

கரண்டிச் சத்தம் நின்றது. அந்த வீட்டில் 1983ஐப் பற்றிப் பேசாத வாரம் இல்லை. ஊரிலிருந்து வரும் கடிதங்களில் செத்தவர்களின் பெயர்கள் இருந்த காலம் அது. அவள் என்னோடு நிலத்தில் இருந்து சீட்டாடிக்கொண்டிருந்தாள். சட்டியை இறக்கி வைக்கும் சத்தம் கேட்டது. “பிள்ளைக்குப் பசிக்கும். வந்து சாப்பிடச் சொல்லுங்கோ” என்றார் அம்மா. அப்பா பத்திரத்தில் இருந்ததை ஒன்றும் விடாமல் ஜேர்மனில் அந்த அம்மாவுக்கும் அவளுக்கும் சொன்னார். அவளுக்கு அதில் பெரிய அதிர்ச்சி ஒன்றும் இல்லை. சிங்களம், தமிழ் என்ற பிரிவே அவளுக்குப் புதிது.

அன்றிரவு அம்மா அப்பாவிடம், “இதை வெளியில சொல்லாதேங்கோ” என்றார். காரணம் இருந்தது. புதன்கிழமை பின்னேரங்களில் சுவிஸ் பள்ளிக்கூடம் இல்லை. அந்த நேரத்தில்தான் எங்களுக்குத் தமிழ் வகுப்பு. அவளும் என்னோடு வந்து ‘ஆனா, ஆவன்னா’ எழுதிக்கொண்டிருந்தாள். வகுப்பு முடிய வந்து கூடும் தாய்மார் அவளைப் பார்த்து, “வடிவான பிள்ளை, ஆற்ற பிள்ளை?” என்று கேட்பார்கள். அண்ணனை, தம்பியைப் போரில் இழந்த பெண்கள் அவர்கள். பதில் தெரிந்தால் சிலருடைய முகம் மாறும் என்று அம்மாவுக்குத் தெரியும்.

அதனால் அம்மா அவளுக்கு ஒரு ஊர் கொடுத்தார். “வன்னிப் பக்கம். எங்கட தூரத்துச் சொந்தம். தாய் தகப்பன் இல்லையெண்டு இஞ்ச வளர்ப்புக்குக் குடுத்தது.” ஊருக்குள் எவ்விடம் என்று யாராவது துருவினால், குளக்கட்டுக்குப் பக்கத்து வளவு என்றார். பனைமரம், மாமரம், ஒரு கிணறு எல்லாம் அந்த வளவுக்குள் வந்து சேர்ந்தன. சொந்தம் கண்டுபிடிக்கிறதில் இருந்த அத்தனை திறமையும் இப்போது சொந்தம் உண்டாக்குவதில் செலவாயிற்று. தாய்மார் நம்பினார்கள். நவராத்திரிக்கு அவளுக்கும் பாவாடை சட்டை தைத்துக் கொடுத்தார்கள். அவளுக்கும் அது பிடித்திருந்தது. எங்களோடு விளையாடும்போது, “என்ர குளம், என்ர கிணறு” என்பாள். மற்றப் பிள்ளைகள் தங்கள் ஊரைச் சொல்லும்போது அவளும் ஒன்றைச் சொன்னாள்.

பருவ வயது வந்தபோது அது நின்றது. எங்கள் சமையலறையில் அம்மாவுக்கு வெங்காயம் உரித்துக் கொடுத்துக்கொண்டே, இனிமேல் தன்னை வன்னி என்று சொல்ல வேண்டாம் என்று கேட்டுக்கொண்டாள். கோபம் இல்லை. “உங்கட கதை நல்ல கதை, அன்ரி. ஆனால் அது நான் இல்லை” என்றாள். நான் மொழிபெயர்த்தேன். அம்மா கொஞ்ச நேரம் பேசவில்லை. பிறகு, “சரி, ஆரும் கேட்டா என்ன சொல்ல?” என்றார். “புர்க்டோர்ஃப் எண்டு சொல்லுங்கோ.” அதிலிருந்து அம்மா அப்படியே சொன்னார். சிலர் தமிழ் வகுப்புப் பக்கம் அவளைக் கண்டால் ஒதுங்கினார்கள். சிலர் ஒதுங்கவில்லை. அதையும் அவள் பார்த்துக்கொண்டாள்.

பாதி முகம் தெரிந்த அந்தப் படத்தின் கதை 2017க்குப் பிறகுதான் வெளியே வந்தது. 1980களில் இலங்கையிலிருந்து ஐரோப்பாவுக்குத் தத்துப் போன பிள்ளைகளைப் பற்றி அந்த வருடம் நெதர்லாந்துத் தொலைக்காட்சி நிகழ்ச்சியான ‘செம்ப்ளா’ விசாரித்தது. ஆயிரக்கணக்கான பிள்ளைகள். போலிப் பத்திரங்கள். பெற்ற தாயின் இடத்தில், கூலிக்கு நீதிமன்றத்துக்கு வந்து ‘தாய்’ என்று கையெழுத்து வைத்த வேறு பெண்கள். இலங்கையின் அப்போதைய சுகாதார அமைச்சர் ராஜித சேனாரத்னவே ‘குழந்தைப் பண்ணைகள்’ இருந்ததை அந்த நிகழ்ச்சியில் ஒப்புக்கொண்டார். 1973க்கும் 1997க்கும் இடையில் இலங்கையிலிருந்து சுவிசுக்கு மட்டும் ஏறத்தாழ 900 பிள்ளைகள் வந்திருக்கிறார்கள். முறைகேடு நடப்பதை 1980களின் தொடக்கத்திலேயே சுவிஸ் அதிகாரிகள் அறிந்திருந்தும் பிள்ளைகள் வருவது நிற்கவில்லை என்று 2020இல் வெளியான ஆய்வு காட்டியது. அந்த ஆண்டு டிசம்பரில் சுவிஸ் மத்திய அரசு வருத்தம் தெரிவித்தது. 2021 பெப்ரவரியில் நெதர்லாந்து தன் வெளிநாட்டுத் தத்துகளை இடைநிறுத்தியது. இலங்கைக்கு மட்டும் உரிய கதையும் அல்ல இது. பெற்றோர் உயிரோடு இருந்த பிள்ளைகளை அனாதைகளென்று எழுதி அனுப்பியதற்கு அரசும் பொறுப்பு என்று தென்கொரியாவின் உண்மை ஆணைக்குழு 2025 மார்ச்சில் சொன்னது.

அவள் தேடப் போனாள். சான்றிதழில் உள்ள பெயரில், அந்த முகவரியில் ஒருவரும் வாழ்ந்ததில்லை. படத்தில் நிற்பவள் தாயா, கூலிக்கு வந்தவளா என்பதும் தெரியவில்லை. பெயர் பொய்யென்றால் அதற்கடுத்த வரியில் எழுதிய இனம் மட்டும் எப்படி மெய்யாகும்? என் அப்பா கண்ணாடி போட்டு வாசித்ததும், அம்மாவின் கரண்டி நின்றதும், தாய்மாரிடம் மறைத்ததும், சிலர் ஒதுங்கியதும் யாரோ ஒரு எழுதுவினைஞன் நிரப்பிய ஒரு வரியை நம்பித்தான். மரபணுச் சோதனை செய்தாள். சிங்களமா தமிழா என்று அது பிரித்துச் சொல்லவில்லை. ஆனால் தூரத்துச் சொந்தம் ஒன்றைக் காட்டியது: நெதர்லாந்தில் வளர்ந்த, இவளைப் போலவே இலங்கையிலிருந்து தத்துப்போன ஒருத்தி. வயதாகி, ஞாபகம் தளர்ந்து வரும் என் அம்மாவிடம் இதைச் சொன்னபோது முகம் மலர்ந்துவிட்டது. “பார்த்தியா, ஒரு மச்சாள் அகப்பட்டிட்டாள்” என்றார்.

எல்லாருக்கும் இப்படி முடிவதில்லை என்பதையும் சொல்ல வேண்டும். உடுப்பியில் 1970இல் பிறந்து சுவிஸ் பெற்றோரிடம் வளர்ந்த நிக் குக்கர் 2017இல் சுவிஸ் நாடாளுமன்ற உறுப்பினரானார். தன்னைப் பெற்ற அனசூயாவின் பெயரைத் தன் மகளுக்கு வைத்திருக்கிறார். அவருக்கு அந்தப் பெயராவது கிடைத்திருந்தது. சுவிஸ் சட்டப்படி 18 வயதான எந்தத் தத்துப் பிள்ளையும் தன்னைப் பெற்றவர்களின் விவரத்தைக் கேட்கலாம். கேட்கும் உரிமை என் தோழிக்கும் உண்டு. அலுமாரிக்குள் இருக்கும் பத்திரம் பொய்யாக இருந்தால் அந்த உரிமையை வைத்துக்கொண்டு என்ன செய்வது?

அவளுக்கு வீடு இல்லாமல் இல்லை. புர்க்டோர்ஃப் அவளுடைய ஊர். அங்கேதான் இப்போதும் இருக்கிறாள். சுவிஸ் அம்மா அவளுக்கு அம்மா. எங்கள் வீட்டுச் சாப்பாட்டு மேசையில் அவளுக்கு இடம் இருக்கிறது. இவை ஒன்றும் மற்றதை ஈடுசெய்வதில்லை. கொழும்பில் காசுக்காக ஒருவர் அவளுக்குப் பொய்ப் பிறப்பு எழுதினார். என் அம்மா பாசத்தால் அவளுக்குப் பொய் ஊர் கட்டினார். இரண்டையும் நான் ஒன்றாக வைக்கவில்லை. ஆனால் அவள் கேட்டது இரண்டிலும் இல்லை.

எங்கள் முகத்தோடு, எங்கள் மொழி தெரியாத ஒருவர் கோயிலிலோ கடையிலோ எதிர்ப்பட்டால், ஊரையும் இனத்தையும் கேட்டுத் துருவ வேண்டாம். இருக்கச் சொல்லுங்கள், சாப்பிடச் சொல்லுங்கள், அதற்கு மேல் அவர் சொன்னால் கேளுங்கள். துருவப்பட வேண்டியவர்கள் வேறு ஆட்கள். அந்த ஆஸ்பத்திரிகளில் தாதியராக இருந்தவர்கள், சட்டத்தரணிகளிடம் கிளாக்கராக இருந்தவர்கள், குழந்தைகளை வானில் ஏற்றிக்கொண்டுபோன சாரதிகள், கையெழுத்து வைக்கக் கூலி வாங்கிய பெண்கள் எல்லாருக்கும் இப்போது அறுபதும் எழுபதும் தாண்டியிருக்கும். சிங்களவரோ தமிழரோ, யாருக்காவது ஒரு பெயரோ ஒரு தெருவோ ஞாபகம் இருந்தால், கண்மூடுவதற்கு முன் சொல்லிவிட்டுப் போகட்டும். பிள்ளையைக் கொடுத்த தாய்மார் வெட்கப்படாமல் தங்கள் மரபணுவைப் பதிந்து வைக்கட்டும். யாருடைய பிள்ளை என்ற கேள்விக்கு உண்மையான பதில் அவர்களிடம் மட்டும்தான் இருக்கிறது.